முகம் வாக்குமூலம் அல்ல

"ஆளைப் பார்த்தாலே தெரிஞ்சுடும் சார்." ஓசூர் பக்கத்துக் கெலமங்கலத்தில் இந்தப் பேச்சுக்குப் பஞ்சமே இல்லை. ஆலைகளுக்கு ஆள் பிடித்துத் தரும் கான்ட்ராக்டர் சொல்கிறார், லைன் சூப்பர்வைசர் சொல்கிறார், ஹாஸ்டல் வார்டன் சொல்கிறார், பையனுக்குப் பெண் பார்த்துவிட்டு வந்த பெரியப்பாவும் சொல்கிறார். முன்பு இதற்கு 'அகத்தின் அழகு முகத்தில் தெரியும்' என்ற பழமொழியே போதிய ஆதாரமாக இருந்தது. இப்போது விஞ்ஞானத்தையும் சாட்சிக்குக் கூப்பிடுகிறார்கள். டார்வின் சொல்லிவிட்டார், எக்மன் நிரூபித்துவிட்டார், இனிமேல் கேமராவே மனசைப் படித்துவிடும் என்கிறார்கள். இன்னும் கொஞ்சம் படித்தவர்கள், 'இதையெல்லாம் தொல்காப்பியர் அன்றைக்கே எழுதி வைத்துவிட்டார்' என்று பெருமையோடு முடித்துக்கொள்கிறார்கள்.

இந்த மூன்று சாட்சிகளில் ஒருவர்கூட அப்படிச் சொல்லவில்லை என்பது என் வாதம். டார்வின் எழுதியது வேறு. எக்மனின் சோதனைகள் காட்டியது வேறு. தொல்காப்பியரோ கிட்டத்தட்ட எதிர்த்தரப்பு.

வேறு ஊரில் இது ஏட்டு விவகாரமாகப் போயிருக்கலாம். இங்கே அப்படி விட முடியாது. தமிழ், தெலுங்கு, கன்னடம், உருது நான்கும் ஒரே சந்தையில் புழங்கும் ஊர் இது. 1980களில் ஓசூருக்கு லாரியும் மொபெட்டும் கைக்கடிகாரமும் வந்தபோது வேலைக்குப் போனவர்களில் பெரும்பாலோர் சுற்றுவட்டாரப் பிள்ளைகள். இப்போதைய அலை அப்படிப்பட்டதல்ல. ஓசூர் அருகே 60,000 பேர் வேலை செய்யப்போகும் ஐபோன் ஆலை வருகிறது, அதில் முதல் 6,000 பேர் ராஞ்சி, ஹசாரிபாக் பக்கத்துப் பழங்குடிப் பெண்கள் என்று 2022 நவம்பரில் ஒன்றிய அமைச்சர் அஷ்வினி வைஷ்ணவ் அறிவித்தார். முண்டாரியும் நாக்புரியும் பேசி வளர்ந்த பெண்ணை, தமிழோ தெலுங்கோ பேசும் மேற்பார்வையாளர் எடைபோட வேண்டியிருக்கிறது. பேச்சுக்கு வழியில்லாத இடத்தில் பாரம் முழுக்க முகத்தின் மேல் விழுகிறது. 'மூஞ்சியத் தூக்கி வெச்சிருக்கா', 'முழிக்கிற முழியே சரியில்ல', 'பார்வையில திமிரு.' கான்ட்ராக்ட்டை நீட்டிப்பதா முடிப்பதா என்பதை இப்படி ஒரு வாசகம் தீர்மானிக்கலாம்.

எதிர்த்தரப்பை முதலில் நியாயமாகச் சொல்லிவிடுகிறேன். அது முட்டாள்தனமான கட்சி அல்ல.

ஸ்காட்லாந்து உடற்கூற்றாளர் சார்ல்ஸ் பெல் 1806இல் முகத் தசைகளை ஓவியர்களுக்காக விளக்கி எழுதினார். மனித முகத்தின் சில தசைகளை, உணர்ச்சியைக் காட்டுவதற்கென்றே படைத்தவன் தந்தான் என்பது அவர் நம்பிக்கை. பிரான்சில் டுஷேன் என்ற மருத்துவர், முகத்தில் உணர்வு மரத்துப்போன ஒரு கிழச் செருப்புத் தொழிலாளியின் தசைகளை மின்சாரத்தால் ஒவ்வொன்றாக இழுக்கவைத்துப் புகைப்படம் எடுத்தார். அந்த நூல் 1862இல் வந்தது. டார்வின் 1867 வாக்கில் 16 கேள்விகள் கொண்ட தாளை அச்சடித்து உலகின் பல மூலைகளுக்கு அனுப்பினார். 36 பேர் பதில் எழுதினார்கள். அவற்றையும் நாய், பூனை, குரங்கு, கைக்குழந்தை பற்றிய தன் கவனிப்புகளையும் சேர்த்து 1872இல் உணர்ச்சி வெளிப்பாடு குறித்த நூலை வெளியிட்டார். நூறு ஆண்டுகள் கழித்து அமெரிக்க உளவியலாளர் பால் எக்மன் பப்புவா நியூகினியின் ஃபோரே மக்களிடம் புகைப்படங்களோடு போனார். மகிழ்ச்சி, துயரம், கோபம், அச்சம், வியப்பு, அருவருப்பு ஆகிய ஆறும் உலகெங்கும் ஒரே முகத்தோடு வருகின்றன என்று முடிவு கட்டினார். 1978இல் முகத் தசை அசைவுகளுக்கெல்லாம் எண் போட்டு ஒரு குறியீட்டு முறையும் அவர் குழு தந்தது.

இதன் மேல் கட்டிய வாதத்துக்கு மூன்று படிகள். ஒரே உணர்ச்சி எல்லா மனிதரிடமும் ஒரே தசைகளை அசைக்கிறது. ஆகவே அசைவைப் பார்த்து உணர்ச்சியைச் சொல்லலாம். ஆகவே பயிற்சி பெற்றவரோ, கேமராவோ ஒருவரின் மனநிலையையும் நேர்மையையும் கண்டுபிடித்து, அதை வைத்து வேலைக்கு எடுக்கலாம், நீக்கலாம், சந்தேகப்படலாம். முதல் படியில் ஓரளவு உண்மை இருக்கிறது. குழந்தை வீறிட்டு அழுவதை எந்த நாட்டுத் தாயும் சிரிப்பு என்று எண்ணமாட்டாள். அந்த ஒரு படியின் பலத்தில் மற்ற இரண்டையும் ஏற்றி வைத்துவிட்டார்கள்.

1. டார்வினைச் சாட்சிக்கு அழைப்பவர்கள் அவர் புத்தகத்தைத் திறந்து பார்த்ததுண்டா?

டுஷேன் எடுத்த படங்களில் சிலவற்றை டார்வின் இருபதுக்கு மேற்பட்டவர்களிடம் காட்டினார். ஆணும் பெண்ணுமாக, பல வயதினர், படித்தவர்கள். விளக்கம் ஏதும் சொல்லாமல், இந்தக் கிழவரிடம் தெரிவது என்ன உணர்ச்சி என்று மட்டும் கேட்டார். சில படங்களை எல்லாரும் சட்டென்று ஒரே மாதிரி சொன்னார்கள். வேறு சிலவற்றுக்கோ ஆளுக்கொரு பதில், ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லை. இதை மறைக்காமல் எழுதிய டார்வின், தன்னைப் பற்றியும் ஒன்று சொல்கிறார். டுஷேனின் விளக்கத்தைப் படித்துக்கொண்டே படங்களைப் பார்த்தபோது அநேகமாக எல்லாமே தத்ரூபம் என்று வியந்தாராம். விளக்கம் இல்லாமல் பார்த்திருந்தால் மற்றவர்களைப் போலத் தானும் சில இடங்களில் குழம்பித்தான் போயிருப்பேன் என்கிறார்.

முகக்குறிப்பு ஆய்வின் தொடக்கத்திலேயே கிடைத்த இந்த முடிவைத்தான் நம்மவர்கள் தாண்டிப் போய்விடுகிறார்கள். என்ன தெரியவேண்டும் என்று முன்கூட்டியே தெரிந்தவனுக்கு அது முகத்தில் தெரிந்துவிடும். ஸ்டோரில் ஒரு பொருள் காணோம், அன்றைய ஷிப்டில் புதிதாக வந்தவள் இவள்தான் என்று தெரிந்த பிறகு சூப்பர்வைசர் பார்க்கும் முகத்தில் திருட்டு முழி இருக்கத்தான் செய்யும். அது அவர் கையில் இருக்கும் விளக்கவுரை. முகத்தில் அச்சானது அல்ல.

2. யார் முன்னால் அந்த முகம்?

இந்தக் கேள்வியை விட்டுவிட்டு முகத்தைப் படிப்பவர், கடிதத்தின் மேல் யார் பெயர் என்று பார்க்காமல் உள்ளே படிப்பவர்.

டார்வினுக்கு இந்தியாவிலிருந்தும் பதில்கள் போயின. கல்கத்தா தாவரவியல் தோட்டத்தின் ஜே. ஸ்காட் அங்கே வேலை செய்த பல இனத்து ஆட்களை நெடுநாள் கவனித்து எழுதினார். இவ்வளவு முழுமையான விவரம் வேறு யாரும் தரவில்லை என்று டார்வின் பாராட்டுகிறார். கனராவின் நீதிபதி வெஸ்ட் சொன்னவையும் போய்ச் சேர்ந்தன. இலங்கையிலிருந்து கிளெனி என்ற பாதிரியார் சில கேள்விகளுக்கு விடை எழுதினார். பம்பாய் மாகாணத்து அகமத்நகரில், இன்றைய அகில்யாநகரில், வாழ்ந்த எச். எர்ஸ்கின் என்பவருக்குத்தான் வேலை ஓடவில்லை. உறுதியான முடிவு எதற்கும் வர முடியவில்லை என்று அவர் கைவிரித்தார். காரணம், ஐரோப்பியர் முன்னிலையில் இந்த மக்கள் எல்லா உணர்ச்சிகளையும் வழக்கமாகவே மறைத்துக்கொள்கிறார்கள்.

டார்வின் இதை முன்னுரையில் ஒரு சிறு இடைஞ்சலாகக் குறித்துவிட்டு நகர்ந்துவிட்டார். என்னைக் கேட்டால் அந்த நூலில் இந்தியாவிலிருந்து கிடைத்த தரவுகளில் மிகப் பெரியது அதுதான். அகமத்நகர்க் குடியானவருக்கு உணர்ச்சி இல்லாமல் இல்லை. முகத் தசைகளும் குறையவில்லை. தன் நிலவரியையும் வழக்கையும் கையில் வைத்திருக்கும் இனத்தைச் சேர்ந்தவன் எதிரே நிற்கிறான். அவன் முன்னால் முகத்தைத் திறந்து வைப்பது மடத்தனம் என்பது அவருக்குத் தெரியும். முகம் தானாக வழிந்துவிடுவதில்லை. எதிரில் யார், அவர் கையில் என்ன இருக்கிறது என்று பார்த்துத்தான் எவ்வளவு காட்டுவது என்று முடிவாகிறது.

எக்மனே பின்னாளில் இதை வேறு வழியில் கண்டார். ஜப்பானிய மாணவர்களையும் அமெரிக்க மாணவர்களையும் பார்க்கச் சகிக்காத படங்களைப் பார்க்கவைத்தார். தனியாக இருந்தபோது இரு தரப்பின் முகமும் பெரும்பாலும் ஒரே மாதிரி சுளித்தது. ஆய்வாளர் கூட உட்கார்ந்ததும் ஜப்பானியர்கள் புன்னகையால் மூடிக்கொண்டார்கள். எக்மன் கட்சிக்காரர்கள் இதன் முதல் பாதியைச் சொல்லி உணர்ச்சி உலகப் பொது என்கிறார்கள். ஆலைக்குள் பொருந்துவது இரண்டாவது பாதி அல்லவா? ஷாப் ஃப்ளோரில் யாரும் தனியாக இல்லை. மேலே கேமரா, பின்னால் லைன் லீடர், கண்ணாடிக்கு அந்தப் பக்கம் எச்.ஆர்.

நம் பக்கத்து மாட்டுச் சந்தைகளில் தரகர்கள் துண்டுக்கு அடியில் கையைக் கோத்து விரலால் விலை பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். மேலே முகங்கள் சும்மா வேடிக்கை பார்த்துக்கொண்டிருக்கும். கீழே ஆயிரக்கணக்கில் ஏறி இறங்கும். முகத்தை விலையிலிருந்து பிரித்து வைப்பதற்கென்றே ஒரு தொழில்முறையை உண்டாக்கிக்கொண்டவர்கள் நாம். சந்தையில் அதைக் கெட்டிக்காரத்தனம் என்கிறோம். ஒரு ஜார்கண்ட் பெண் சூப்பர்வைசர் முன்னால் முகத்தைக் காட்டாமல் நின்றால் 'அழுத்தக்காரி' என்கிறோம்.

3. கோபம் வந்தால் புருவம் சுளிக்கும், சரி. புருவம் சுளித்தால் கோபமா?

மழை பெய்தால் தெரு நனையும் என்பதால், நனைந்த தெருவெல்லாம் மழைக்குச் சாட்சியாகிவிடாது. பள்ளிக்கூடத் தர்க்கம் இது. ஆனால் இரண்டாவது படி முழுவதும் இந்தத் தவறின் மேல்தான் நிற்கிறது. உண்மையில் முதல் பாதியே ஆட்டம் காண்கிறது. லிசா பெல்ட்மன் பேரட்டும் நான்கு ஆய்வாளர்களும் ஆயிரத்துக்கு மேற்பட்ட ஆய்வுகளைச் சலித்து 2019இல் ஒரு பெரிய மதிப்பீடு வெளியிட்டார்கள். மனிதர் கோபத்தில் இருக்கும்போது முகம் கடுகடுப்பது சராசரியாக ஏறத்தாழ 30 விழுக்காடு நேரம்தான். மீதி நேரத்தில் அழுகிறார்கள், சிரிக்கிறார்கள், சும்மா இருக்கிறார்கள். அதேபோல் கோபமே இல்லாதபோதும் கடுகடுக்கிறார்கள்: கவனமாக எதையாவது பார்க்கும்போது, வயிறு வலிக்கும்போது, வெளிச்சம் கண்ணில் அடிக்கும்போது. லென்ஸ் வைத்து உதிரி பாகத்தில் கீறல் தேடுகிற பெண் எட்டு மணி நேரமும் புருவத்தைச் சுருக்கித்தான் வைத்திருப்பாள். கருவி அவளை எட்டு மணி நேரக் கோபக்காரி என்று எழுதும்.

இது புதுக் கண்டுபிடிப்புகூட அல்ல. 1924இல் அமெரிக்காவின் மின்னசோட்டாவில் கார்னி லாண்டிஸ் என்பவர் 25 பேரின் முகத்தில் கரிக்கோடுகள் இழுத்து, அவர்களை விதவிதமான சங்கடங்களுக்கு உள்ளாக்கிப் புகைப்படம் எடுத்தார். அமோனியாவை முகரவைத்தார். உயிருள்ள எலியின் தலையைக் கத்தியால் அறுக்கச் சொன்னார். (இன்றைக்கு எந்த நெறிமுறைக் குழுவும் இதற்குச் சம்மதிக்காது. அன்றைக்கும் சம்மதித்திருக்கக் கூடாது.) இந்த உணர்ச்சிக்கு இந்த முகம் என்று அவரால் ஒன்றைக்கூட இணைக்க முடியவில்லை. எந்தக் கொடுமையிலும் அடிக்கடி தலைகாட்டிய முகபாவம் புன்னகை. 2012இல் அவியேசர் குழு டென்னிஸ் வீரர்களின் படங்களை வெட்டிக் காட்டியது. முகத்தை மட்டும் பார்த்தவர்களுக்கு அது வெற்றிக் கணமா தோல்விக் கணமா என்று சொல்லத் தெரியவில்லை. முகத்தை மறைத்து உடலை மட்டும் பார்த்தவர்கள் சொல்லிவிட்டார்கள்.

இன்னொன்று, ஓசூருக்கே உரியது. இங்குள்ள கைக்கடிகார ஆலை மாற்றுத்திறனாளிகளை வேலைக்கு எடுத்ததற்குப் பெயர் பெற்றது. அவர்களில் காது கேளாதவர்களும் உண்டு. உலகின் சைகை மொழிகள் பலவற்றில் புருவத்துக்கு இலக்கணப் பொறுப்பு உண்டு. உயர்த்தினால் ஆம்–இல்லை என்று விடை கேட்கும் கேள்வி, சுருக்கினால் என்ன, எங்கே, ஏன் என்ற கேள்வி. 'டூல் எங்கே?' என்று கேட்பவரைக் கோபத்தில் இருக்கிறார் என்று குறித்துக்கொள்ளும் விஞ்ஞானத்தை என்னவென்று சொல்வது?

4. எக்மன் பப்புவாவில் நிரூபித்தது எது?

ஃபோரே மக்களுக்கு ஒரு சின்னக் கதை சொல்லி, இரண்டு மூன்று படங்களை நீட்டி, கதைக்கு ஏற்ற முகத்தைத் தொடச் சொன்னார்கள். படங்கள் நடிக்கச் சொல்லி எடுத்தவை. கதையும் விடைகளும் ஆய்வாளர் கொடுத்தவை. அப்படியிருந்தும் அச்ச முகத்தையும் வியப்பு முகத்தையும் அவர்களால் பிரிக்க முடியவில்லை. அதே பப்புவாவின் ட்ரோப்ரியண்ட் தீவுகளில் கிரிவெல்லி குழு 2016இல் வெளியிட்ட ஆய்வில், மேற்கத்தியர் அச்சம் என்று சொல்லும் முகத்தை அங்குள்ளவர்கள் மிரட்டல் என்று படித்தார்கள். பயந்தவளை மிரட்டுகிறவள் என்று படிக்கக் கூடிய இடைவெளி இது. தலையசைப்பிலேயே இதைப் பார்த்துவிடலாம். டார்வினின் பதினாறாவது கேள்வியே அதுதான்: ஆம் என்பதற்கு மேலும் கீழும், இல்லை என்பதற்குப் பக்கவாட்டிலும் தலையை ஆட்டுகிறார்களா? கிரேக்கரும் துருக்கியரும் தலையைப் பின்னுக்குச் சொடுக்கி 'இல்லை' சொல்வதை அவர் விதிவிலக்காகக் குறித்தார். தென்னிந்தியர் சம்மதத்துக்குத் தலையை இடமும் வலமுமாகச் சாய்த்து ஆட்டுவதைப் பார்த்துக் குழம்பாத வெளியூர்க்காரர் உண்டா?

5. தொல்காப்பியரைத் துணைக்கு இழுக்கிறவர்களுக்கு.

பொருளதிகாரத்தின் மெய்ப்பாட்டியல் எட்டு மெய்ப்பாடுகளைச் சொல்கிறது. எக்மனின் ஆறோடு இந்த எட்டை ஒப்பிட்டு, அதோ நகை, இதோ அச்சம், இரண்டு அதிகமாகவே வைத்திருந்தோம் என்று மார்தட்டுகிறோம். எட்டைச் சொன்ன கையோடு அந்த நூல் என்ன செய்கிறது என்று பார்க்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் நான்கு நிலைக்களன்களைத் தருகிறது. மொத்தம் 32. நிலைக்களன் என்பது உணர்ச்சி பிறக்கிற இடம். எந்த மெய்ப்பாட்டுக்கு எந்தத் தசை, உதடு எந்தப் பக்கம் என்ற கணக்கை அங்கே அது தரவில்லை. எதனால் அழுகிறார்கள், எதனால் வெகுள்கிறார்கள் என்றுதான் அடுக்குகிறது. பிறர் இழிவுபடுத்துவதால் அழுகை வரும், வறுமையால் வரும். சுற்றத்துக்குக் கேடு செய்தால் வெகுளி வரும், அடித்தால் வரும். அச்சத்துக்குத் தரும் நான்கு களன்களில் தெய்வமும் கொடுவிலங்கும் கள்வரும் போக, நான்காவதாக இருப்பவன் தன்னை ஆளும் தலைவன். அதாவது, ஒருவர் முகத்தில் அச்சம் தெரிந்தால் அவரிடம் குற்றம் தேடுவதற்கு முன் எதிரே நிற்கிற நீ யார் என்று கேட்கச் சொல்கிறது இந்த வரிசை. சூப்பர்வைசர் தன்னையும் அந்த நான்கில் ஒன்றாக எண்ணிக்கொள்ள வேண்டும்.

நகைக்கு வந்தால் இன்னும் நுட்பம். எள்ளலை ஒரு களனாக வைத்ததற்குப் பழைய உரைகாரரான பேராசிரியர் உரை எழுதும்போது, தான் பிறரை எள்ளிச் சிரிப்பது மட்டுமன்றிப் பிறர் தன்னை எள்ளும்போது தான் சிரிப்பதையும் சேர்த்துக்கொள்கிறார். லாண்டிஸின் எலி அறுத்தவர்கள் ஏன் சிரித்தார்கள் என்பதற்கு இங்கே ஒரு தொடக்கம் இருக்கிறது. 'திட்டினா பல்லக் காட்டுறா' என்று ஒருத்தியைப் பற்றிப் புகார் எழுதுகிறவர்களும் இதைப் படிக்கலாம்.

அந்த இயல் முடியும் இடமும் கவனிக்கத்தக்கது. கண்ணாலும் செவியாலும் திட்டமாக உணரக்கூடிய நுண்ணுணர்வு உடையவருக்கே மெய்ப்பாட்டின் பொருள் பிடிபடும், மற்றவருக்கு அரிது என்பது கடைசி நூற்பாவின் கருத்து. செவி எதற்கு? கேட்பதற்கு. பேசவிட்டுக் கேட்காதவருக்கு இந்தக் கலையில் இடமில்லை.

'திருக்குறளில் குறிப்பறிதல் இருக்கிறதே' என்பார்கள். இருக்கிறது. 71ஆம் அதிகாரம், மன்னரைச் சேர்ந்தொழுகல் என்பதற்கு அடுத்தது. அரசன் கருதுவதை அமைச்சன் அறிந்துகொள்வது என்றே உரையாசிரியர்கள் அதற்குப் பொருள் சொன்னார்கள். கீழே இருப்பவர் மேலே இருப்பவரின் முகத்தைப் படிக்கும் திறமை அது. ஆலையிலும் உண்மை அதுதான். சூப்பர்வைசரின் முகத்தை நூறு பெண்கள் காலையிலேயே துல்லியமாகப் படித்துவிடுகிறார்கள். படிக்கத் தவறினால் நஷ்டம் அவர்களுக்கு. அவர்களைப் படிக்கத் தவறினால் சூப்பர்வைசருக்கு ஒரு நஷ்டமும் இல்லை. ஆகவே அவருக்கு அந்தத் திறமை வளரவும் காரணமில்லை.

6. 'மனிதன் பாரபட்சம் பார்ப்பான், கேமரா பார்க்காது.'

கேமராவுக்கு எது கோபம் என்று யார் சொல்லிக் கொடுத்தார்கள்? ஆயிரமாயிரம் படங்களுக்கு மனிதர்கள் ஒட்டிய சீட்டுகளைப் படித்துத்தான் அது தேர்ந்தது. அமெரிக்கக் கூடைப்பந்து வீரர்களின் படங்களை 2018இல் லாரன் ரூ இரண்டு பெரிய நிறுவனங்களின் மென்பொருள்களுக்குக் கொடுத்துப் பார்த்தார். வெள்ளை வீரர்களைவிடக் கறுப்பு வீரர்களிடம் இரண்டுமே எதிர்மறை உணர்ச்சியை அதிகமாகக் கண்டன. ஒன்று கோபம் என்றது, மற்றது இகழ்ச்சி என்றது. அந்த மென்பொருள்களில் ஒன்றைச் செய்த மைக்ரோசாஃப்ட், உணர்ச்சியைக் கணிக்கும் வசதியைத் திரும்பப் பெறுவதாக 2022 ஜூனில் அறிவித்தது. விற்றவரே கடையை மூடிய பிறகு வாங்குவதற்கு நாம் வரிசையில் நிற்கிறோம்.

அமெரிக்க விமான நிலையங்களில் பயணிகளின் முகத்தையும் நடத்தையையும் பார்த்து ஆபத்தானவரைப் பிடிக்க ஒரு திட்டம் இருந்தது. 2007 முதல் சுமார் 90 கோடி டாலர் செலவழித்த பின், அதற்கு அறிவியல் ஆதாரம் போதாது, பணத்தைக் குறையுங்கள் என்று 2013இல் அந்நாட்டுத் தணிக்கை அமைப்பு எழுதியது. நடத்தைக் குறிகளை வைத்துப் பொய்யைப் பிடிக்கும் மனிதத் திறன் காசு சுண்டிப் பார்ப்பதற்குச் சமம், அல்லது துளி கூடுதல் என்பது அந்த அறிக்கை தொகுத்த ஆய்வுகளின் முடிவு. பயிற்சி பெற்ற அதிகாரிகளின் கதை இது. நம் ஊர் கான்ட்ராக்டரின் கண்ணுக்கு மட்டும் தனி வரம் கிடைத்திருக்குமா?

இந்தியாவும் பின்தங்கவில்லை. துன்பத்தில் இருக்கும் பெண்களின் முகபாவத்தைக் கண்டு தானாகவே காவல் நிலையத்துக்குச் செய்தி அனுப்பும் கேமராக்களைச் சுமார் 200 இடங்களில் வைக்கப்போவதாக 2021 ஜனவரியில் லக்னோ போலீஸ் அறிவித்தது. தெருவில் நடக்கும் பெண் ஏன் முகம் வாடியிருக்கிறாள் என்று அரசாங்கத்துக்கு விளக்கம் சொல்லவேண்டிய நிலை. பாதுகாப்பு என்ற பெயரில் வருவதால் அதை மறுக்கவும் எல்லாரும் கூச்சப்படுவார்கள்.

7. உடம்பை அளந்து மனிதரைத் தீர்மானித்த அனுபவம் நமக்கு இல்லையா?

எட்கர் தர்ஸ்டனை மறந்துவிட்டோம். சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக 1885இல் வந்தவர், கே. ரங்காச்சாரியின் துணையோடு தென்னிந்தியச் சாதிகள், குடிகள் பற்றி ஏழு தொகுதிகளை 1909இல் வெளியிட்டார். மூக்கின் அகலம், மண்டையின் நீளம் எல்லாம் அளவுக் கருவியால் எடுத்தார். வயநாட்டுப் பணியர் பெண்கள், தங்களில் நல்ல உருவங்களைப் பிடித்துப் பஞ்சடைத்து அருங்காட்சியகத்தில் வைக்கப்போகிறார் என்று அஞ்சினார்கள் என்பதை அவரே வேடிக்கைபோல எழுதியிருக்கிறார். அந்த அச்சத்தின் காரணம் அவருக்குப் பிடிபடவில்லை. அளவுகளில் அது விழாது. அதே காலத்தில்தான் குற்றப் பழங்குடிச் சட்டம், 1871இல் வடக்கே தொடங்கி, 1911இல் சென்னை மாகாணத்துக்கும் வந்து சேர்ந்தது. பிறப்பைப் பார்த்தே குற்றவாளி என்று சொல்லலாம் என்பதும் அன்றைக்குப் படித்தவர்கள் ஏற்ற கருத்துத்தான். ராஞ்சியிலிருந்து வரும் பழங்குடிப் பெண்ணின் முகத்தில் 'ஏதோ சரியில்லை' என்று கண்டுபிடிக்கிறவர், அந்தப் பழைய கணக்கை மூக்களவு இல்லாமல் தொடர்கிறார்.

இதில் எனக்கு உறுத்துவது வேறொன்று. டார்வின் முகத்தை ஆராய்ந்ததன் உள்நோக்கம், மனித இனங்கள் தனித்தனிப் படைப்பு அல்ல, எல்லாரும் ஒரே மூதாதையின் பிள்ளைகள் என்று காட்டுவது. அகமத்நகர் விவசாயியும் லண்டன் கனவானும் அழும்போது ஒரே மாதிரி அழுகிறார்கள் என்பது அன்றைக்குத் துணிச்சலான சமத்துவப் பேச்சு. அந்த ஆய்வின் பெயரால் இன்று ஆலை வாசலில் ஆளைப் பிரிக்கிறார்கள்.

'அப்படியானால் முகத்தைப் பார்க்கவே கூடாதா?' என்று கேட்பீர்கள். தாராளமாகப் பாருங்கள். மருத்துவர் பார்க்கிறார், பார்த்துவிட்டு 'எங்க வலிக்குது?' என்று கேட்கிறார். தாய் பார்க்கிறாள், தப்பாகப் புரிந்துகொண்டால் மறுநொடியே பிள்ளை திருத்திவிடும். முகம் அங்கே கேள்வியைத் தொடங்கி வைக்கிறது. நான் மறுப்பது, கேள்வி கேட்காமலே எழுதப்படும் தீர்ப்பை. இரவில் லாரி ஓட்டுபவரின் இமை மூடுவதைப் பார்த்து எச்சரிக்கை மணி அடிக்கும் கருவியோடு எனக்குச் சண்டை இல்லை. அது இமையை அளக்கிறது, மனதை அளப்பதாகச் சொல்லவில்லை.

சட்டம் என்ன சொல்கிறது? செல்வி எதிர் கர்நாடக மாநிலம் என்ற வழக்கில் 2010 மே மாதம் உச்ச நீதிமன்றம், பொய் கண்டறியும் சோதனையையும் மூளை அலைச் சோதனையையும் ஒருவரின் சம்மதம் இல்லாமல் செய்யக் கூடாது என்றது. உடம்பின் துடிப்பிலிருந்து மனதுக்குள் இருப்பதைக் கறப்பதும் ஒருவகை வாக்குமூலம், அதை வலிந்து வாங்க முடியாது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். கொலைக் குற்றம் சாட்டப்பட்டவருக்கு உள்ள இந்தக் காப்பு, ஆலைத் தொழிலாளிக்கு இல்லை. 2023ஆம் ஆண்டின் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டத்தின் 7ஆம் பிரிவு, வேலைவாய்ப்பு தொடர்பான காரணங்களுக்காகத் தொழிலாளியின் தரவைச் சம்மதம் கேட்காமலே பயன்படுத்த முதலாளிக்கு வழி விட்டிருக்கிறது. ஐரோப்பிய ஒன்றியமோ பணியிடத்திலும் கல்வி நிலையத்திலும் ஒருவரின் உணர்ச்சியைக் கணிக்கும் கருவிகளை, மருத்துவமும் பாதுகாப்பும் தவிர, 2025 பிப்ரவரி 2 முதல் தடை செய்துவிட்டது. இங்கே செய்யும் பாகங்கள் அந்தச் சந்தைக்கும் போகின்றன. செய்கிற கைகளுக்கு மட்டும் அந்தத் தடை எட்டவில்லை.

ஆகவே ஓசூர், கெலமங்கலம், தேன்கனிக்கோட்டைப் பக்கத்துத் தொழிற்சங்கங்களுக்கு ஒரு கோரிக்கை. அடுத்த ஊதிய ஒப்பந்தத்தில் இரண்டு ஷரத்துகளைச் சேர்க்கச் சொல்லிப் போராடுங்கள். முகபாவத்தையோ பார்வையையோ காரணமாகக் காட்டி யார்மீதும் மெமோவோ வேலைநீக்கமோ கூடாது. உணர்ச்சியைக் கணிக்கும் எந்தக் கருவியும் ஆலைக்குள்ளும் ஹாஸ்டலுக்குள்ளும் கூடாது. கான்ட்ராக்ட் தொழிலாளிகளுக்கும் இவை பொருந்த வேண்டும், ஏனென்றால் அடி முதலில் விழுவது அவர்கள் மேல். நிர்வாகங்கள் உண்மையிலேயே அந்தப் பெண்களின் மனம் அறிய விரும்பினால், கேமராவுக்குக் கொடுக்கும் பணத்தில் முண்டாரியும் சந்தாலியும் நாக்புரியும் தெரிந்த நான்கு பேரை வேலைக்கு வைத்துக் கேட்கட்டும்.